ஊறுகாய் கணக்கில் வராது

1

ஆஸ்பத்திரி வாசலைத் தாண்டி வேகமாக நடந்துகொண்டிருந்தேன். பின்னால் என் மகள் நித்யா ஓட்டமும் நடையுமாக வந்தாள். உள்ளே டாக்டர் பேசி முடிக்கவில்லை. அவர் ஒரு கேள்வி கேட்டார். நான் எழுந்து, இந்த ஊர் மொழியில் நன்றி சொல்லி, கதவைத் திறந்துகொண்டு வந்துவிட்டேன். எட்டாம் வகுப்பிலிருந்தும் இப்படித்தான் வந்தேன். சேலத்தில் லாரிப் பட்டறையிலிருந்தும், திருச்செங்கோட்டில் ஒரு முதலாளியிடமிருந்தும் இப்படித்தான். எதிராளி பேசிக்கொண்டிருக்கும்போதே கிளம்புவதில் எனக்கு நல்ல பழக்கம் உண்டு.

"அப்பா, நில்லுங்க. அவங்க இன்னும் முடிக்கல."

"எனக்கு முடிஞ்சுது சாமி. நீதான் எல்லாத்தையும் முடிச்சு வெச்சுட்டயே."

"அப்ப நான் பொய் சொல்லணுமா?"

"பொய் சொல்ல வேண்டாம். இருக்கற நெசத்தையெல்லாம் சொல்லோணும்னு உனக்கு ஆரு சொன்னா?"

இது டான்சானியாவில் டொடோமா நகரம். நாமக்கல், திருச்செங்கோட்டு ரிக் வண்டிகள் ஏறாத கப்பல் இல்லை என்பது உங்களுக்குத் தெரியும். ஆழ்குழாய்க் கிணறு தோண்டும் அந்த வண்டிகளில் ஒன்றோடு நானும் வந்தேன். ஒரு வருடம் இருந்து பார்க்கலாம் என்று வந்தவன், மனைவியையும் கைக்குழந்தையையும் கூட்டிவந்து, இங்கேயே ஊன்றிவிட்டேன். கைக்குழந்தைதான் இப்போது பின்னால் ஓடி வருகிறவள். அவள் பள்ளிக்கூடத்தில் ஆங்கிலம் பேசுகிறாள், தோழிகளோடு சுவாஹிலி பேசுகிறாள், அம்மாவிடம் சோறு கேட்க மட்டும் தமிழ் வைத்திருக்கிறாள். அந்தத் தமிழிலும் கொஞ்ச நாளாக ஒரு மாற்றம். "நம்ம சாப்பாடு" என்று சொல்லிக்கொண்டிருந்தவள் "உங்க சாப்பாடு" என்கிறாள்.

அந்த "உங்க சாப்பாட்டை"த்தான் அன்று டாக்டரிடம் ஒன்று விடாமல் ஒப்பித்தாள்.

2

முதல் தடவை ஆஸ்பத்திரிக்குப் போனது சில மாதங்களுக்கு முன்பு. கொஞ்சம் சாப்பிட்டாலே வயிறு அடைத்துக்கொண்டது. நெஞ்சுக்குக் கீழே எந்நேரமும் எரிச்சல். வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். நர்ஸ் வந்து, "வெண்ணந்தூர்!" என்று கத்தினார்.

அது என் பெயர்தான். பாஸ்போர்ட் எடுத்துக் கொடுத்த ஏஜெண்ட், குடும்பப் பெயர் போடும் இடம் காலியாக இருக்கக் கூடாது என்று என் ஊரைத் தூக்கி அதில் வைத்துவிட்டார். அன்றிலிருந்து விமான நிலையத்திலும் வங்கியிலும் நான் திருவாளர் வெண்ணந்தூர். தங்கராசு என்ற பெயர் ரிக்கில் மட்டும் புழங்குகிறது. வேலை அனுமதி புதுப்பிக்கும் அலுவலகத்தில் ஒருமுறை, உங்கள் மனைவியின் குடும்பப் பெயர் வேறாக இருக்கிறதே, நிஜமாகவே மனைவிதானா என்று கேட்டார்கள். அவள் மல்லசமுத்திரத்துக்காரி. அதே ஏஜெண்ட் அவளுக்கும் அதையே செய்திருந்தார். இரண்டு ஊருக்கும் கல்யாணம் நடந்துவிட்டது என்று அந்த அதிகாரிக்கு விளக்குவதற்குள் மதியச் சாப்பாட்டு நேரம் வந்து ஜன்னலை மூடிவிட்டார்கள்.

நர்ஸ் மறுபடியும் கத்தினார். "வெண்ணந்தூர்! வயிறு!" ஊருக்கே வயிற்றுக்கோளாறு என்று தண்டோரா போட்டதைப் போல இருந்தது. யோசித்தால் அதில் பெரிய பிழையும் இல்லை.

எங்கள் தொழிலில் மக்கர் செய்யும் குழிக்குள் கேமராவை இறக்கிப் பார்ப்போம். டாக்டரம்மா என் வாய்க்குள் இறக்கிப் பார்த்தார். உள்ளே புண். அதில் ஒரு கிருமி குடியிருக்கிறது என்றார். நானும் ரிக்குக்கு வேண்டிய சுவாஹிலி பேசுவேன்: தூக்கு, இறக்கு, நிறுத்து, ஓரமாகப் போ. இதை வைத்துக்கொண்டு வயிற்றைப் பற்றிப் பேச முடியாது. அதனால் நித்யா மொழிபெயர்த்தாள். மாத்திரையை விடாமல் சாப்பிட வேண்டும், புகையிலை தொடக் கூடாது, உப்பைக் குறைக்க வேண்டும். ஒரு நாளைக்கு எல்லாம் சேர்த்து ஒரு டீஸ்பூனுக்குள் நிற்க வேண்டும்.

நான் கீழ்ப்படிந்தேன். மாத்திரையை முழுதாக முடித்தேன். புகையிலையை விட்டேன். ரிக் முகாமில் எங்களுக்குச் சமைக்கும் ஆட்டையாம்பட்டி அர்த்தநாரியிடம் சொல்லி, உப்புப் போடுவதற்கு முன்பே என் குழம்பைத் தனியாக எடுத்து வைக்கச் செய்தேன். அந்தக் குழம்பைத் தொண்டைக்குள் இறக்குவதற்கு எலுமிச்சை ஊறுகாய் வைத்துக்கொண்டேன். ஒரு துண்டு கருவாடு. நாலு மோர் மிளகாய். மதியத்தில் உப்புப் போட்ட மோர், ஏனென்றால் வெயில். பொழுது சாய்ந்தால் முறுக்கு, ஏனென்றால் தேநீர். ஆனால் உப்பு? உப்பை நான் தொடவே இல்லை. உப்பு என்பது டப்பாவில் இருப்பது. ஊறுகாய் என்பது ஊறுகாய்.

நான் பாதியில் எழுந்து வந்த அன்று, மறுபடியும் கேமரா இறக்கி, கொஞ்சம் சதையைக் கிள்ளியெடுத்துப் பரிசோதித்த முடிவோடு டாக்டரம்மா உட்கார்ந்திருந்தார். உப்பைக் குறைத்தீர்களா என்றார். நான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு, குழம்பில் உப்பே கிடையாது என்றேன். நித்யா அதை மொழிபெயர்த்தாள். பிறகு நான் சொல்லாததையும் மொழிபெயர்த்தாள். நடுநடுவே ஊறுகாய், கருவாடு என்ற தமிழ்ச் சொற்கள் என் காதில் விழுந்துகொண்டே இருந்தன. தன் தகப்பனைப் போட்டுக்கொடுக்கும்போது மட்டும் அவளுக்குத் தமிழ் தட்டுத் தடுமாறாமல் வருகிறது.

"மோர் மிளகாய் என்றால் என்ன?" என்று டாக்டரம்மா கேட்டார்.

மிளகாயைக் கீறி உப்பு மோரில் ஊறவைத்து, வெயிலில் காயவைத்து, மறுபடியும் அதே மோரில் ஊறவைத்து, மறுபடியும் காயவைப்பது என்று நித்யா விளக்கினாள்.

"மறுபடியும் எதற்கு?"

நித்யா என்னைப் பார்த்தாள். "எதுக்குப்பா?"

"உப்பு ஏறோணுமில்ல," என்றேன்.

டாக்டரம்மா முதலில் சிரித்தார். அப்புறம் சிரிப்பை நிறுத்திக்கொண்டு நிதானமாகச் சொன்னார். நான் அதை என் தொழில் பாஷையில் சொல்கிறேன். வயிற்றின் உட்சுவர், குழி சரியாமல் இருக்க நாங்கள் இறக்கும் கேசிங் பைப் மாதிரி. உப்பு அதிகமானால் பைப்பின் மேல்பூச்சை அரிக்கிறது. அரித்த இடத்தில் கிருமி வேலை செய்கிறது. புண்ணாகிறது, ஆறுகிறது, மறுபடி புண்ணாகிறது. வருடக்கணக்கில் இப்படி நடந்தால் உட்சுவரின் அணுக்கள் தங்கள் குணத்தை மாற்றிக்கொள்ள ஆரம்பிக்கின்றன. எனக்கு ஆரம்பித்துவிட்டது. "இது புற்றுநோய் இல்லை. புற்றுநோய்க்குப் போகும் வழி. எல்லாரும் கடைசிவரை போவதில்லை. நிற்பதற்கு இன்னும் இடம் இருக்கிறது," என்றார். உப்பு, உப்பில் ஊறவைத்த பண்டம், உப்பிட்டுக் காயவைத்த மீன், மூன்றும் ஒரே ஆள், சட்டைதான் வேறு என்றார்.

அடுத்ததாக அவர் கேட்ட கேள்விக்குத்தான் நான் எழுந்து வந்தேன். "உங்கள் அப்பா எதனால் இறந்தார்?"

3

அப்பா வயிற்றுக் கட்டியால் இறந்தார். வெண்ணந்தூரில் கூலிக்குத் தறி ஓட்டியவர். காலையில் பழைய சோறும் ஊறுகாயும், மதியம் களியும் கருவாட்டுக் குழம்பும், இடையிடையே புகையிலை. சேலத்துப் பெரிய ஆஸ்பத்திரியில் வயிற்றைத் திறந்து பார்த்துவிட்டு மூடி அனுப்பினார்கள். அவருக்கு உப்பினால்தான் வந்தது என்று நான் சொல்லவில்லை. எந்த டாக்டரும் ஒரு தனி ஆளைக் காட்டி, இதனால்தான் வந்தது என்று சத்தியம் செய்ய மாட்டார். இது வாய்ப்பைக் கூட்டும், இது குறைக்கும் என்பதோடு நிறுத்திக்கொள்வார்கள். நான் சொல்ல வந்தது பார்க்க வந்தவர்களைப் பற்றி.

வந்த ஒவ்வொருவரும் கையில் ஒன்று கொண்டுவந்தார்கள். அத்தை முறுக்கு டின்னோடு வந்தாள். பெரியப்பா வீட்டிலிருந்து நார்த்தங்காய் ஊறுகாய். பக்கத்துத் தறிக்காரர் நெத்திலிக் கருவாடு. "பாவம், வாய் செத்துப் போச்சு. நாக்குல கொஞ்சம் தடவுனாத்தான் ரெண்டு வாய் சோறு எறங்கும்," என்று அத்தையே ஊறுகாயை விரலில் எடுத்து ஊட்டினாள். அப்பா வலியில் சுருண்டுகொண்டே சப்புக்கொட்டினார். எல்லாருக்கும் கண் கலங்கியது. எங்கள் சொந்தக்காரர்கள் ஒருவரும் கெட்டவர்கள் இல்லை. கெட்டவன் கையை வீசிக்கொண்டு வருவான். நல்லவர்கள்தான் ஊறுகாய் ஜாடியோடு வருவார்கள்.

இதெல்லாம் பழைய காலம், இப்போது நம் ஆட்கள் தெளிந்துவிட்டார்கள் என்று நினைப்பவர்களுக்காக, போன விடுமுறையில் நடந்ததையும் சொல்கிறேன். வயிற்று எரிச்சல் அப்போதே எட்டிப் பார்த்திருந்தது. ஜேடர்பாளையம் அணைக்கட்டுக்குக் குடும்பத்தோடு போனோம். காவிரியைப் பார்க்கப் போவதாகச் சொல்வோம். போவது பொரித்த மீனுக்கு. என் சித்தப்பா மகன் மாணிக்கமும் வந்திருந்தான். ராசிபுரத்தில் செல்போன் கடை வைத்திருக்கிறான், ஆகையால் மருத்துவம் தெரியும். மீன் வந்தது. உப்பும் மிளகாய்த் தூளும் அப்பி, எண்ணெய் சொட்டச் சொட்ட வந்தது. மாணிக்கம் சட்டைப் பையிலிருந்து ஒரு சின்ன டப்பாவை எடுத்து, அதன்மேல் இளஞ்சிவப்பாக ஒரு தூளைத் தூவினான்.

"என்னடா அது?"

"இந்துப்புங்ணா. சாதா உப்பு நெம்பக் கெடுதி. இது மலையில வெட்டறது. இதத் தின்னா கேன்சரே அண்டாது."

"மீன்லதான் ஏற்கெனவே உப்பு இருக்குதேடா."

"அது கெட்ட உப்புங்ணா. அதுக்குத்தான் மேல நல்ல உப்பப் போடறது."

நான் சிரித்தேன். பிறகு, கொடு என்று வாங்கி என் மீனிலும் தூவிக்கொண்டேன். டொடோமாவுக்குத் திரும்பும்போது ஒரு கிலோ வாங்கியும் வந்தேன். செந்நிறமாக இருந்தாலும் மலையில் வெட்டினாலும் கடலில் அள்ளினாலும் வயிற்றுக்குள் போனால் அது உப்புதான் என்பதை டாக்டரம்மா சொல்லித் தெரிந்துகொள்ள நான் ஒரு கடலைத் தாண்டி வர வேண்டியிருந்தது.

அந்தப் பயணத்தில் டார் எஸ் சலாம் விமான நிலையத்தில் சுங்க அதிகாரி என் பெட்டியைத் திறந்தார். கருவாட்டு வாசம் அவரை இரண்டடி பின்னால் தள்ளியது. "இது என்ன?" "மீன்." "எப்போது செத்தது?" பதில் சொல்வதற்குள் பெட்டியை மூடி, போ போ என்று கையைக் காட்டிவிட்டார். விடுமுறை முடிந்து வருகிறவனின் பெட்டியை முதல் நாளே எல்லார் முன்னாலும் திறப்பது எங்கள் முகாமில் சடங்கு. ஊறுகாய், கருவாடு, மோர் மிளகாய், ஆட்டையாம்பட்டி முறுக்கு. பெட்டி கனமாக இருந்தால் மரியாதை. அன்று எனக்கு நல்ல மரியாதை கிடைத்தது.

4

ஆஸ்பத்திரியிலிருந்து நேராகப் பேருந்து நிலையத்துக்கு வந்தோம். முகாம் அப்போது சிங்கிடா சாலையில் இருந்தது. நித்யாவை வீட்டுக்குப் போகச் சொன்னேன். அவள் போகவில்லை. பேருந்தின் ஜன்னலுக்குக் கீழே நின்றுகொண்டு கேட்டாள்.

"நீங்க செத்துட்டா எங்களுக்கு இங்க இருக்க அனுமதி இருக்குமா?"

"இருக்காது."

"அப்ப நாங்க எந்த ஊருக்குப் போவோம்?"

"வெண்ணந்தூருக்குத்தான்."

"எனக்கு அங்க யாரையும் தெரியாதேப்பா," என்றாள். அழவில்லை. பேருந்து நேரம் விசாரிப்பது போலத்தான் கேட்டாள். வண்டி கிளம்பியது. வழியில் ஒரு நிறுத்தத்தில் உருளைக்கிழங்கு பொரித்து விற்றார்கள். இந்த ஊர்க்காரர்கள் அதன்மேல் உப்பை விபூதி மாதிரி தூவிச் சாப்பிடுகிறார்கள். வேறு நாட்டுக்காரன் ஒழுங்காகத் தின்கிறான் என்று எழுத எனக்கும் ஆசைதான். ஆனால் நாக்கு எல்லா நாட்டிலும் ஒன்றுதான்.

பொழுது சாயும் முன்பே முகாம் போய்ச் சேர்ந்தேன். குழி முடிந்து வண்டி நின்றிருந்தது. ஆட்கள் தட்டோடு உட்கார்ந்திருந்தார்கள். கருவாடு வறுபட்டுக்கொண்டிருந்தது. என் வாயில் எச்சில் ஊறியது. பைத்தியம் பிடித்த நாக்கு. நான் அர்த்தநாரியிடம் நேராகப் போனேன்.

"அர்த்தநாரி, நாளையிலருந்து கொழம்புக்குப் பாதி உப்புப் போடு. கருவாடு வறுக்காத. மோர் மொளகா வேண்டாம்."

"ஏனுங், எளவு கிளவு உளுந்துருச்சுங்களா?" என்றார் அர்த்தநாரி.

இரண்டாவது டிரில்லர் சேகர் தட்டிலிருந்து தலையைத் தூக்காமலே, "அண்ணனுக்கு ரோசம் கொறஞ்சு போச்சாட்ட இருக்குது. உப்பு வேண்டாங்கறாரு," என்றான். எல்லாரும் சிரித்தார்கள்.

டாக்டர் சொன்னதைச் சொன்னேன்.  பிறகு ஒருவன் ஆரம்பித்தான். "எங்க மாமனுக்குத் தொண்ணூறு வயசுங்ணா. கருவாடு இல்லாம ஒரு நா உண்டதில்ல. இன்னும் தென்னமரம் ஏறறாரு." அந்தத் தொண்ணூறு வயது மாமன் தமிழ்நாட்டில் எல்லாக் குடும்பத்திலும் இருக்கிறார். பீடி பிடிப்பார், சாராயம் குடிப்பார், கருவாடு தின்பார், மரம் ஏறுவார். நாற்பதில், ஐம்பதில் போய்ச் சேர்ந்த மற்ற மாமன்களை யாரும் சாட்சிக்குக் கூப்பிடுவதில்லை.

"வேர்க்கற ஒடம்புக்கு உப்பு வேணுமுங்ணா," என்றான் இன்னொருவன்.

"வேணும்தான். நாம திங்கறதுல நாலுல ஒரு பங்கு தின்னாலே அதுக்குப் போதும்னு அந்தம்மா சொல்லுது."

அர்த்தநாரி கருவாட்டைத் திருப்பிப் போட்டார். "உங்குளுக்குத் தனியா ஒரு சட்டி வெச்சர்றனுங்க. பழையபடி."

"வேண்டாம். பழையபடி வெச்சுத்தான் இப்படி ஆச்சு. நீ இங்க கருவாடு வறுத்தீன்னா அந்த வாசத்துக்கு நா எந்திரிச்சு வந்துருவேன். என்னைய எனக்குத் தெரியும்."

அர்த்தநாரியின் முகம் மாறியது. அவர் அதுவரை என்னிடம் 'ங்க' போடாமல் பேசியதில்லை. அந்த வாலை அப்போது அறுத்துப் போட்டார். "அப்ப உன்ற வயித்துக்கோசரம் இத்தன பேரும் கழனித்தண்ணி குடிக்கோணுமா? அர்த்தநாரி உப்பில்லாத கொழம்பு வெச்சான்னு ஆட்டையாம்பட்டி வரைக்கும் பேச்சுப் போயிரும். என்னால ஆவாது. வேணும்னா நீயே ஆக்கு."

கரண்டியை என் காலடியில் போட்டார். மறுபடியும் சிரித்தார்கள். நான் டிரில்லர். டிரில்லர் என்பவன் ரிக்கில் ராஜா. லீவரைப் பிடித்து நிற்பவன். சமையல்காரனோ குழம்பு காரமானால் திட்டு வாங்குபவன். நானே அர்த்தநாரியை எத்தனையோ முறை திட்டியிருக்கிறேன். நான் குனிந்து கரண்டியை எடுத்தேன்.

"சரி. நானே ஆக்கறேன்."

சிரிப்பு நின்றது. மேனேஜருக்குப் போன் போட்டேன். "கிறுக்குப் புடிச்சிருச்சா தங்கராசு? டிரில்லர் சீட்ட உட்டுப்போட்டு அடுப்படிக்குப் போறேங்கற?" என்றார். ஆமாங்க என்றேன். சமையல்காரன் சம்பளம்தான் கிடைக்கும் என்றார். அதற்கும் ஆமாங்க என்றேன். பைப் மாட்டும் வேலைக்கு ஆள் குறைவாக இருந்தது. அர்த்தநாரி வெகு நாளாக அந்த வேலையைக் கேட்டுக்கொண்டிருந்தவர், அதற்குப் போய்க்கொண்டார். என் இடம் சேகருக்கு. ரோஷத்தைப் பற்றிப் பேசியவன் உடனே எழுந்து வந்து என் தோளைத் தொட்டான். "ஒடம்புதானுங்ணா முக்கியம். நீங்க பண்றது நெம்பச் சரி," என்றான். டிரில்லர் சீட் ஒரு மனிதனுக்கு இவ்வளவு சீக்கிரம் மருத்துவ அறிவைக் கொடுக்கும் என்று எனக்குத் தெரியாது.

ஆட்களோடு ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டேன். குழம்பு நான் வைப்பதுபோல்தான் இருக்கும். அடுப்பில் கருவாடு ஏறாது. அவனவன் பெட்டியில் இருக்கும் ஊறுகாய் அவனவன் பாடு, அவனவன் வயிறு. எனக்கு மட்டும் யாரும் நீட்டக் கூடாது. முணுமுணுத்துக்கொண்டே ஒத்துக்கொண்டார்கள்.

5

மறுநாள் விடிந்ததும் அடுப்பைப் பற்றவைத்தேன். டிரில்லராக இருந்தபோது இந்த நேரத்தில் என் தேநீர் கையில் வந்திருக்கும். இப்போது அதை நான்தான் மற்றவர்களுக்குப் போட்டுக் கொடுத்தேன். சேகருக்கு முதலில். அவன் வாங்கிக்கொண்டு, கொஞ்சம் சர்க்கரை தூக்கலா என்றான்.

சமையல் எனக்குத் தெரியாது. மனைவி போனில் சொல்லச் சொல்லச் செய்தேன். துவரம்பருப்பு, தக்காளி, இங்கே மலிவாகக் கிடைக்கும் பூசணிக் கீரை. உப்புக் குறைகிற இடத்தை எலுமிச்சை, மிளகு, பூண்டு, கொத்தமல்லியைக் கொண்டு நிரப்பப் பார்க்கச் சொன்னாள். நிரப்பப் பார்த்தேன். பூண்டு கருகியது. உப்பைக் கையில் அள்ளினேன். கை தன் பழைய அளவுக்கு அள்ளியது. அதில் பாதியைத் திரும்ப டப்பாவில் போட்டேன். கையைப் பார்க்காமல் போட்டேன்.

ஆட்கள் தட்டோடு வந்து உட்கார்ந்தார்கள்.  அர்த்தநாரி கிரீஸ் பட்ட கையைத் துடைத்துக்கொண்டு, ஒரு வாய் தின்று, கண்ணை மூடிக்கொண்டார். "மாடு தொடாதுங்க இத," என்றார். 'ங்க' திரும்பி வந்திருந்தது. ஆள் சந்தோஷமாகத்தான் இருந்தார். ஒருவன் எழுந்து பெட்டியைத் திறந்தான். மூடியைத் திருகும் சத்தம் கேட்டது. எலுமிச்சை ஊறுகாயின் வாசம் காற்றில் வந்து என் மூக்கில் நின்றது. அந்த ஜாடி கையிலிருந்து கைக்கு வட்டமாகச் சுற்றி வந்தது. என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவன் அதை எனக்கு நீட்டி, நினைவு வந்து, சட்டென்று முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டான்.

நான் என் தட்டில் சோறு போட்டு, குழம்பை ஊற்றிப் பிசைந்து சாப்பிட்டேன். கேவலமாக இருந்தது. இன்னொரு கரண்டி ஊற்றிக்கொண்டேன்.